நரக வகுப்பும் ஒரு வெறுங்கதிரையும்

ரெய்னர்ஸ் லேன் மண்டபத்துப் பின்கதவுச் சாவி எப்படித் திரும்பும், பிஸ்கட் டின்னை அடுத்த அறை யோகாக்காரரிடமிருந்து எப்படிக் காப்பாற்றுவது என்பதெல்லாம் உங்களுக்கு யாராவது சொல்லித் தருவார்கள். பெரியவர்களுக்கான தமிழ் மாலை வகுப்பை இனி நீங்கள் நடத்தப் போகிறீர்கள். நான் ஓய்ந்துவிட்டேன். போகும்போது ஒரேயொரு விஷயத்தைச் சொல்லிவிட்டுப் போகலாம் என்று உட்கார்ந்தேன். அது சந்தேகத்தைப் பற்றியது.

என்னைச் சந்தேகப் பிராணி என்று நிர்வாகத்தில் சொல்லியிருப்பார்கள். சொல்லட்டும், பொய்யில்லையே. யாராவது சும்மா ஒரு தேநீர் வாங்கித் தந்தாலும் இவருக்கு என்னிடம் என்ன வேண்டும் என்றுதான் என் மனம் முதலில் ஓடும். லண்டனுக்கு வர முன்னர் நான் இத்தாலியில், பலெர்மோவில், பல வருடம் இருந்தேன். விசாவுக்காக அலைந்தவனுக்கு யார் சிரித்தாலும் பயம், சிரிக்காவிட்டாலும் பயம். அந்தப் பழக்கம் பிறகு தொழிலுக்கு உதவியது. எப்படி உதவியது, எந்த இடத்தில் என்னைக் கவிழ்க்கப் பார்த்தது என்பதுதான் கதை.

பலெர்மோவில் நான் ஒரு வயதான அம்மாவைப் பார்த்துக்கொள்ளும் வேலையில் இருந்தேன். ஓய்வு பெற்ற பள்ளிக்கூட ஆசிரியை. கால் நடக்காது, வாய் ஓயாது. சூப்பில் உப்புக் கூடினால் என் பரம்பரையையே இழுத்துத் திட்டுவார். எனக்கு இத்தாலிய மொழி படிப்பித்தவர் அவர்தான். அதுவும் எதை வைத்து? சந்தையில் கத்தரிக்காய் வாங்கும் பேச்சை வைத்து அல்ல. எழுநூறு வருடங்களுக்கு முந்திய கவிதைகளை வைத்து. செத்த பிறகு மனிதருக்கு என்ன நடக்கிறது என்று அந்தக் காலத்து இத்தாலியக் கவிஞர்கள் பாடியவை. கீழே நரகம் ஒரு பெரிய குழி. நடுவில் ஒரு மலை, மனம் திருந்தியவர்கள் அதில் கஷ்டப்பட்டு ஏறி ஏறிச் சுத்தமாவார்கள். மேலே சொர்க்கம். உயிரோடு இருக்கிற ஒருவன் இவற்றைச் சுற்றிப் பார்த்துக்கொண்டு வருவான், அங்கேயுள்ள ஆவிகள் தங்கள் கதையை அவனுக்குச் சொல்லும்.

நரகத்து ஆவிகள் கதை சொல்கிற அழகில் நான் மயங்கிப்போனேன். ஒரு நாள் ஒரு ஆவிக்காகக் கண்ணீர்கூட விட்டேன். அந்த அம்மா கைத்தடியால் கட்டில் சட்டத்தில் ஒரு தட்டுத் தட்டினார்.

"முட்டாளே, குழிக்குள் இருக்கிறவன் சொல்வதை நம்பாதே. அவன் கதையில் எல்லாரும் இருப்பார்கள். காற்று இருக்கும், காதல் இருக்கும், அரசன் இருப்பான். அவன் செய்தது மட்டும் இருக்காது. எதை விட்டுவிட்டுச் சொல்கிறான் என்று பார்" என்றார்.

இத்தனை வருடம் நான் வகுப்பு நடத்தியதற்கு முதலீடு அந்த ஒரு வசனம்தான். ஒருவர் கதை சொன்னால் சொன்னதைப் பாராதே, விட்டதைப் பார். நல்ல ஆயுதம். ஆனால் இரண்டு பக்கமும் வெட்டும். அந்த இரண்டாவது பக்கம்தான் எனக்கு வெகுகாலம் தெரியாமல் இருந்தது.

வகுப்புக்கு நிர்வாகம் வைத்த பெயர் ஏதோ நீளமானது. ஆட்கள் வைத்த பெயர் 'நரக வகுப்பு'. வருகிறவர்கள் எல்லாம் ஓய்வு பெற்றவர்கள், அல்லது ஓய்வு பெறப் போகிறவர்கள். முன்வரிசையில் சிவபாதம் அண்ணை. கோயில் நிர்வாகத்தில் இருந்தவர், பஞ்சாங்கத்தைத் தலைகீழாகச் சொல்லுவார், குரல் மைக் இல்லாமலே கார் பார்க் வரை போகும். முதல் வகுப்பிலேயே எழும்பிவிட்டார்.

"மாஸ்ரர், எங்கட நரகத்தில தவணை இருக்கு. செய்த பாவத்தை அனுபவிச்சு முடிச்சால் திருப்பிப் பிறக்கலாம். உவையின்ர நரகத்தில வெளியில வாற கதவே இல்லை. ஒரு எண்பது வருசப் பாவத்துக்கு முடிவில்லாத தண்டனையோ? இது என்ன அநியாயம்!"

நான் எனக்குத் தெரிந்ததைச் சொன்னேன். அந்தக் கவிஞர்கள் கடவுளைக் கோபக்காரராகக் காட்டவில்லை. குழிக்குள் இருப்பவன் இன்னும் மாறவில்லை, அதுதான் விஷயம். இன்னும் தான் செய்தது சரி என்றே வாதாடிக்கொண்டிருக்கிறான். மாறாமல் அப்படியே இருப்பதுதான் அவனுக்குத் தண்டனை. காற்றுக்கு இழுபட்டு வாழ்ந்தவனைக் காற்று இழுத்துக்கொண்டே திரியும். செய்ததன் உருவத்திலேயே தண்டனை இருக்கும். மலையில் இருப்பவனோ செய்ததை ஒத்துக்கொண்டவன். கடைசி மூச்சில் ஒரு சொட்டுக் கண்ணீர் விட்டிருந்தாலும் போதும், அவனுக்கு மலை கிடைத்துவிடும்.

"கடைசி மூச்சிலயோ?" என்று பின்வரிசையிலிருந்து ஒரு குரல் வந்தது. "அதை ஒருத்தரும் பாக்காட்டியும்?"

அவர்தான் கனகு அண்ணை. லண்டன் பஸ் ஓட்டி ஓய்வு பெற்றவர். கதவோரம் இருப்பார், தேநீர் எடுக்கமாட்டார், பெரிதாகக் கதைக்கவும் மாட்டார். கேள்வி கேட்டால் இரண்டே விஷயத்தில்தான் கேட்பார். ஒன்று, பிந்தி மனம் வருந்தினவனுக்கு இடமுண்டா. மற்றது, நல்லதும் செய்யாமல் கெட்டதும் செய்யாமல் வாய் மூடி நின்றவர்களுக்கு எந்த இடம். நான் சொன்னேன், அப்படிப்பட்டவர்களை அந்தக் கவிதைகளில் நரகம்கூட உள்ளே எடுப்பதில்லை, வாசலுக்கு வெளியே அலைய விட்டிருக்கிறார்கள் என்று. அவர் தலையை ஆட்டினார். அன்று எனக்குப் பொறி தட்டியது.

யோசித்துப் பாருங்கள். மனிதர் இருப்பது ஈஸ்ட் ஹாமில். வகுப்பு ரெய்னர்ஸ் லேனில். ஊரின் கிழக்கு மூலையிலிருந்து மேற்கு மூலைக்குக் கிழமைதோறும் கார் ஓடி வருகிறார், மழையானாலும் வருகிறார், வந்து ஒரு மூலையில் இருந்துவிட்டுப் போகிறார். போகும்போது மங்கை அக்காவை வெம்பிளியில் இறக்கிவிட்டுப் போகிறார். இதெல்லாம் சும்மா நடக்கிற காரியமா?

மங்கை அக்கா வெம்பிளியில் சேலை பிளவுஸ் தைக்கும் கடை வைத்திருக்கிறார். தனி ஆள். எங்கள் வகுப்பில் அவருக்கு முன்னால் யாரும் சுற்றி வளைத்துக் கதைக்க ஏலாது, கத்தரிக்கோல் மாதிரி வெட்டிவிடுவார். மலையைப் பற்றிப் படித்த அன்று அவர் கை தூக்கினார். மலையில் ஏறுகிறவர்களுக்கு உயிரோடு இருக்கும் உறவினர் பிரார்த்தனை செய்தால் அவர்களின் காத்திருப்புக் குறையும், அதனால் எனக்காகப் பிரார்த்திக்கச் சொல் என்று ஒவ்வொரு ஆவியும் அந்தப் பயணியைக் கெஞ்சும் என்று சொல்லியிருந்தேன்.

"எங்கட திவசம் மாதிரித்தானே" என்றார் மங்கை அக்கா.

"ஓம் அக்கா, கிட்டத்தட்ட."

"அப்ப ஆள் செத்ததோ இருக்கோ எண்டே தெரியாட்டி? செய்யாமல் விட்டால் அவன் அங்கை காத்துக்கொண்டு நிப்பான். செய்தால், இருக்கிற பிள்ளையை நானே சாக்காட்டினமாதிரி. உங்கட கவிஞர்மார் இதுக்கு என்ன சொல்லியிருக்கினம்?"

அவர்கள் ஒன்றும் சொல்லியிருக்கவில்லை. பிறகு அவரே விஷயத்தைச் சொன்னார். தம்பி ரூபன், ஒரே சகோதரம். தாய் தகப்பன் போன பிறகு இவர்தான் வளர்த்தது. காசுக்கு ஆட்களைக் களவாக எல்லை கடத்தும் ஒரு ஏஜென்ற் மூலம் லண்டனுக்கு வெளிக்கிட்டவன், ஐரோப்பா வரைக்கும் வந்துவிட்டான். ஏதோ ஒரு மலைநாட்டு ஊரிலிருந்து ஒரு போன், அதோடு சரி. ஏஜென்ற், லண்டனுக்குக் கிட்டக் கொண்டுவந்து விட்டேன், பிறகு என் பொறுப்பில்லை என்று கையை விரித்துவிட்டான். பத்துப் பன்னிரண்டு வருடமல்ல, அதற்கும் எத்தனையோ மேலே. கடையில் அவனுடைய படம் தொங்குகிறது. மாலை போடவில்லை, பொட்டும் வைக்கவில்லை. விளக்கும் ஏற்றுவதில்லை. நான் பார்த்திருக்கிறேன், அளவு எடுக்கிற நாடாவைத் தோளில் போட்டுக்கொண்டு அந்தப் படத்தின் தூசியை மட்டும் துடைப்பார்.

அவர் சொல்லி முடிக்கும்வரை நான் கனகு அண்ணையைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன். அந்த மனிதர் நிலத்தைப் பார்த்தபடி இருந்தார். வகுப்பு முழுக்க உச்சுக் கொட்டியது, அவர் மட்டும் அசையவில்லை.

என் மனம் கணக்குப் போட்டு முடித்துவிட்டது. இவர்தான் அந்த ஏஜென்ற். அல்லது ஏஜென்றின் ஆள். பாவம் உறுத்துகிறது, ஆனால் சொல்லத் துணிவில்லை, அதனால் மங்கை அக்காவுக்குச் சாரதி வேலை பார்த்துக்கொண்டு திரிகிறார். நரகத்தைப் பற்றிக் கேட்பதும் அதற்குத்தான்.

அடுத்த கிழமை கார் பார்க்கில் மடக்கினேன்.

"கனகு அண்ணை, ஈஸ்ட் ஹாமில இலக்கிய வகுப்பு இல்லையோ?"

"இருக்கு. நரகம் படிப்பிக்கிறது நீங்கள் மட்டும்தானே மாஸ்ரர்."

"நரகம் படிச்சு என்ன செய்யப் போறியள்?"

"வயசு போகுதல்லோ" என்று சிரித்தார். "போற இடத்தை ஒருக்காப் பாத்து வைக்கிறது நல்லம்."

"நீங்கள் லண்டனுக்கு எப்பிடி வந்தனீங்கள்?"

"எல்லாரும் வந்தமாதிரித்தான்" என்று சொல்லிவிட்டுக் காருக்குள் ஏறினார். கதையில் விட்ட இடம் எவ்வளவு பெரிது என்று பாருங்கள்! எனக்கு உடனேயே மங்கை அக்காவைக் கூப்பிட்டு, இந்த மனிதருடைய காரில் ஏறாதையுங்கோ என்று சொல்லிவிட வேண்டும் போல வாய் துருதுருத்தது. சொல்லவில்லை. கையில் ஒரு ஆதாரமும் இல்லை என்பது ஒன்று. பலெர்மோ அம்மா இன்னொன்றும் சொல்லியிருந்தார்: கவிதை எழுதினவனுக்கு யாரை எந்தக் குழியில் போடுவது என்ற அதிகாரம் இருந்தது, வாசிக்கிறவனுக்கு அது இல்லை. சந்தேகப்படு, கண்ணைத் திறந்து வை, ஆனால் ஆளைக் குழியில் தள்ளிவிடாதே. ஆகவே கண்ணைத் திறந்து வைத்துக்கொண்டிருந்தேன்.

தவணையின் கடைசி வகுப்பில் நாங்கள் ஒரு விளையாட்டு வைப்பதுண்டு. முன்னால் ஒரு வெறுங்கதிரையைப் போடுவேன். ஒருவர் எழும்பி, தனக்குத் தெரிந்த ஒருவரை அதில் இருத்த வேண்டும். பெயர் சொல்லக்கூடாது, செய்ததை மட்டும் சொல்லலாம். இருத்தப்படுகிறவர் இறந்தவராக இருக்க வேண்டும். பிறகு வகுப்பு கூடி, குழியா, மலையா, மேலேயா என்று அந்தக் கவிதைகளின் நியாயப்படி தீர்ப்புச் சொல்லும். புத்தகத்தில் படித்தால் ஒரு மணித்தியாலத்தில் மறந்துவிடும். கதிரையில் இருத்தினால் மறக்காது.

ஆனால் எங்கள் சனத்திடம் பெயர் சொல்லாதே என்றால் நடக்குமா? சிவபாதம் அண்ணை ஒரு முறை ஒருவரை இருத்தினார். பெயர் சொல்லவில்லைதான். ஊர் சொன்னார். பிறகு கோயில் வீதியில் எத்தனையாவது ஒழுங்கை என்றார். பிறகு, மூத்தவன் கனடாவில், இளையவள் டொக்ரரை முடிச்சவள் என்றார். பின்வரிசையில் இருந்த ஒருவர் எழும்பி, "அது என்ர சித்தப்பா" என்றார். அன்று வகுப்பு முடிந்த பாடில்லை. அதற்குப் பிறகு ஊர் சொல்லவும் கூடாது என்று சட்டம் போட்டேன். நீங்களும் அதைக் கைவிடாதீர்கள்.

அந்தத் தவணை, ஒருநாளும் கதிரைக்கு எழும்பாத மங்கை அக்கா எழும்பினார்.

"நான் ஒராளை இருத்தப் போறன்."

"ஆள் செத்தவரோ அக்கா?" என்று கேட்டேன். சட்டம் சட்டம்தானே.

"தெரியாது. இருந்தால் என்ன, செத்தால் என்ன. நம்பி வந்த பிள்ளையை வழியில விட்டிட்டு, லண்டனுக்குக் கிட்டக் கொண்டுபோய் விட்டிட்டன் எண்டு வீட்டுக்காரருக்குப் பொய் சொன்னவன். இருத்துறன். சொல்லுங்கோ, எங்கை?"

வகுப்புக்கு ஒரு நிமிடமும் தேவைப்படவில்லை. அந்தக் கவிஞர்களின் கணக்கில் கோபத்தில் அடித்தவன் குழியின் மேல்மட்டத்தில், ஏமாற்றினவன் அவனுக்குக் கீழே, தன்னை நம்பினவனையே ஏமாற்றினவன் எல்லாருக்கும் அடியில். அந்த அடியில் நெருப்பு இல்லை. உறைபனி. மனித உறவின் சூடு இல்லாதவனுக்குக் குளிர்தான் பொருத்தம் என்று நினைத்திருக்கிறார்கள்.

"அடி மட்டம்! ஐஸுக்குள்ள!" என்று சிவபாதம் அண்ணை தீர்ப்பை முழங்கினார். எல்லாரும் ஓம் என்றார்கள்.

கதவோரம் கதிரை உரசும் சத்தம் கேட்டது. கனகு அண்ணை எழும்பி நின்றார். வெளியே போகப் போகிறார் என்றுதான் நினைத்தேன். போகவில்லை.

"அவன் ஒருத்தனை மட்டும் இருத்தினால் சரிவராது" என்றார். "அந்த ஆத்தங்கரையில நிண்ட எல்லாரையும் இருத்துங்கோ. நான் உட்பட."

மங்கை அக்கா திரும்பினார்.

"என்ன ஆறு?"

மங்கை அக்கா ஆற்றைப் பற்றி எங்களிடம் சொன்னதே இல்லை. அவருக்கே தெரியாது.

"என்ன ஆறு எண்டு கேக்கிறன்!"

சிவபாதம் அண்ணை பாய்ந்து எழும்பினார். "அடப் பாவி, உவன்தானடா ஏஜென்ற்! கதவைப் பூட்டுங்கோ! பொலிசுக்கு அடியுங்கோ!" ஒருவர் போனைத் தூக்கி வீடியோ எடுக்கத் தொடங்கிவிட்டார். யாரோ கதவை மறித்து நின்றார். எல்லாருடைய கண்ணும் என் பக்கம் திரும்பியது. வகுப்பு என்னுடையது, கதிரையும் என்னுடையது.

தம்பிமாரே, தங்கச்சிமாரே, இந்த இடத்தைத்தான் கவனிக்கச் சொல்லுகிறேன். நான் கிழமைக்கணக்காகச் சந்தேகப்பட்டது இதோ பலித்துவிட்டது. நான் சொன்னேன் பாத்தியளோ என்று நெஞ்சை நிமிர்த்தலாம். உண்மையைச் சொன்னால், உள்ளுக்குள் ஒரு சந்தோஷம்கூட எட்டிப் பார்த்தது. ஆனால் ஒன்று இடித்தது. 'நான் உட்பட' என்றாரே? குழிக்குள் இருக்கிறவன் ஒருநாளும் அப்படிச் சொல்லமாட்டான். கதையில் தன்னைத்தான் விட்டுவிடுவான். இந்த மனிதர் தன்னை முதலாவதாகப் போடுகிறார். அப்படியென்றால் இவர் விட்டது வேறு ஏதோ.

நான் போய் அந்த வெறுங்கதிரையைத் தூக்கினேன். நடுவால் கொண்டுபோய்க் கனகு அண்ணைக்கு முன்னால் வைத்தேன்.

"அக்கா, இதில வந்து இருங்கோ" என்றேன். "இனி இது வகுப்பு இல்லை. போனை உள்ளுக்கு வையுங்கோ. கதவை விடுங்கோ. சிவபாதம் அண்ணை, தயவுசெய்து வாயை மூடுங்கோ."

அவரிடம் அப்படிச் சொன்னது அதுதான் முதல் தரம். அதிர்ச்சியில் தன் கதிரையில் இருந்துவிட்டார். மங்கை அக்கா வந்து இருந்தார். முகம் கல்லாய் இருந்தது.

கனகு அண்ணை நின்றபடியே சொன்னார். ஒரே குழுவில் வந்தவர்கள். எல்லையில் ஒரு ஆறு. கடக்கும்போது எல்லாரும் நனைந்தார்கள். ரூபனுக்கு முன்னமே காய்ச்சல், கரையேறியதும் நடக்க முடியவில்லை. ஏஜென்றின் ஆள் நிற்க ஏலாது என்றான்.

"அவனை விட்டிட்டு வந்தனான் அக்கா. அவ்வளவுதான். இஞ்சை வந்து அகதிக் கேஸ் குடுக்கேக்கை வேற பாதையால வந்ததெண்டு சொல்லச் சொன்னாங்கள், வாய் திறந்தால் திருப்பி அனுப்பிப்போடுவாங்கள் எண்டாங்கள். சொல்லாமல் விட்டன். பிறகு கேஸ் சரிவந்திது, அப்பவும் சொல்லேல்லை. உங்களைத் தேடிக் கண்டுபிடிச்சு வந்தால், தம்பி வருவான், அவனுக்கு மேலறை ஒதுக்கி வைச்சிருக்கிறன் எண்டு ஆருக்கோ சொல்லிக்கொண்டு நிக்கிறியள். எப்பிடிச் சொல்லுறது? திரும்பிப் போயிட்டன். அப்பிடியே ஒவ்வொரு வருசமும் போயிட்டுது."

"விட்டிட்டு வந்தனான் எண்டுறியள்" என்று நான் குறுக்கிட்டேன். "எப்ப விட்டிட்டு வந்தனீங்கள்?"

அவர் என்னைப் பார்த்த பார்வையில் கோபம் இருந்தது.

"அது எதுக்கு இப்ப?"

"சொல்லுங்கோ அண்ணை. மற்றவை போகேக்கையோ?"

"மற்றவை போயிட்டினம். நான்... மூச்சு நிண்டாப் பிறகுதான். என்ர ஜக்கெற்றால மூடி, கல்லு அடுக்கிப்போட்டு வந்தனான். வேற ஒண்டும் செய்ய ஏலேல்லை."

அறையில் யாரோ விசும்பினார்கள். எத்தனை வருடம் நான் மனிதர் சொல்லாமல் விட்ட குற்றத்தைத் தேடிப் பழகியிருந்தேன்! இந்த மனிதர் சொல்லாமல் விட்டிருந்தது தான் செய்த நல்லதை. அந்த மலையில் ஏறுகிறவர்களும் அப்படித்தான். தங்கள் பிழையைச் சொல்லுவார்கள், செய்த நன்மையை மற்றவன் வாயால்தான் கேட்க வேண்டியிருக்கும். இது எனக்குப் படித்துத் தெரியும். அன்றுதான் கண்ணால் கண்டேன்.

ஆனால் நான் உருகிய மாதிரி மங்கை அக்கா உருகவில்லை. சந்தேகத்தில் என்னை மிஞ்சின ஆள் அவர் என்று அப்போதுதான் விளங்கியது.

"கனகு அண்ணை, என்னைப் பாருங்கோ. நீங்கள் சொல்லுறதை நான் என்னெண்டு நம்புறது? ஏஜென்றும் இப்பிடித்தான் கண்ணீரோட கதைச்சவன். அண்டைக்கு நிலவு இருந்ததோ?"

எல்லாரும் ஒருவரை ஒருவர் பார்த்தார்கள். பாவம், மனுசிக்குச் சித்தம் கலங்கிவிட்டது என்று நினைத்திருப்பார்கள்.

கனகு அண்ணை மட்டும் உடனேயே பதில் சொன்னார்.

"இரவு முழுக்கக் கும்மிருட்டு. விடியப்போகேக்கை, அவன் போய்க் கொஞ்ச நேரத்தால, கிழக்கில மெல்லிசா எழும்பினது. அடுத்த நாள் விடியவும் பாத்தனான், ஒரு கீறு மாதிரி இருந்தது. அதுக்கு அடுத்த நாள் இல்லை."

மங்கை அக்கா கண்ணை மூடினார்.

"கடைசிப் போன் எடுத்தது கந்தசஷ்டி முடிஞ்ச அண்டைக்கு" என்றார். "விரதம் விட்டுப் பாறணை முடிச்சு இருக்கிறன், அவன் சிரிக்கிறான். நிலவு தேயவேணுமாம் அக்கா, இருட்டு வந்தாத்தானாம் ஏஜென்ற் வெளிக்கிடுவான் எண்டான். இதை நான் ஒரு குருவிக்கும் சொன்னதில்லை. பொய்யனைப் பிடிக்கிறதுக்கெண்டு வைச்சிருந்தனான். எத்தினை பேர் வந்து அங்கை கண்டன் இஞ்சை கண்டன் எண்டு சொன்னவை. எல்லாரையும் இதைத்தான் கேட்டனான். ஒருத்தன் முழுநிலவு எண்டான், ஒருத்தன் ஞாபகமில்லை எண்டான்."

முன்வரிசையிலிருந்து, அதுவரை வாய் மூடியிருந்த சிவபாதம் அண்ணை மிக மெதுவாகச் சொன்னார். அந்தக் குரலில் அவர் கதைத்து நான் கேட்டதில்லை.

"கந்தசஷ்டிக்குப் பிறகு வாற தேய்பிறை. மூண்டாம் நாள் நிலவில்லையெண்டால் அது அமாவாசை. அப்ப தம்பி போனது கார்த்திகை அபரபக்கத் திரயோதசி, தங்கச்சி."

திவசம் செய்யத் திதி கிடைத்துவிட்டது. இத்தனை வருடமாக அந்தச் சேதியும் அந்த ஒரு நாளும் இல்லாததால்தான் அவருடைய தம்பி எங்கேயும் போக முடியாமல் நின்றான். மங்கை அக்கா அப்போதுதான் அழுதார். சத்தம் போட்டு, மண்டபம் அதிர, பக்கத்து அறைக்காரர் எட்டிப் பார்க்கிற அளவுக்கு அழுதார். யாரும் தடுக்கவில்லை. நானும் அழுதேன், ஏன் மறைக்க வேண்டும்.

கனகு அண்ணை குனிந்து, "அக்கா, என்னை மன்னிச்சு..." என்று தொடங்கினார்.

"வேண்டாம்" என்றார் அவர், முகத்தைத் துடைத்தபடி. "அது என்னட்டை இல்லை. கேளாதையுங்கோ. எனக்கு ரூபனோட கடைசிவரை நிண்டதுக்கு உங்களைக் கும்பிடவும் வேணும், சொல்லாமல் விட்டதுக்கு உங்களைக் கொல்லவும் வேணும். ரெண்டும் ஒண்டாத்தான் வருது. ஆனா ஒண்டு. அவனுக்கு எள்ளும் தண்ணியும் இறைக்க ஆம்பிளைச் சகோதரம் இல்லை. நீங்கள் வந்து இறையுங்கோ. ஒரு வருசம் இல்லை, நீங்கள் உள்ளவரைக்கும். ஏலுமோ?"

"ஏலும்" என்றார் கனகு அண்ணை.

அன்று அதற்கு மேல் தீர்ப்பு ஒன்றும் நடக்கவில்லை. தேநீர் போட்டோம். கனகு அண்ணையும் ஒரு கோப்பை எடுத்தார்.

சந்தேகத்தைக் கைவிடு என்று நான் சொல்ல வரவில்லை. எங்கள் வகுப்பில் இருப்பவர்கள் பாதிப் பேர் ஏதோ ஒன்றை மறைத்துத்தான் கதைப்பார்கள், வந்த பாதைகள் அப்படி. சந்தேகப்படுங்கள். ஆனால் மங்கை அக்காவைப் போலப் படுங்கள். நான் என் சந்தேகத்தை வைத்து ஒரு மனிதரைக் குழியில் இறக்கப் பார்த்தேன். அக்கா தன் சந்தேகத்தை ஒரு கேள்வியாக்கி, பதில் வரும்வரை வருடக்கணக்காக வைத்திருந்தார். வகுப்பில் சண்டை மூண்டு எல்லாரும் உங்களைப் பார்க்கும்போது இதை நினைத்துக்கொள்ளுங்கள். முதலில் கதிரையை எடுங்கள், பிறகு கேளுங்கள்.

அந்தக் கார்த்திகையில் கோயிலில் கனகு அண்ணை ரூபனுக்கு எள்ளுத் தண்ணீர் இறைத்தார். ஒவ்வொரு வருடமும் இறைக்கிறார். கடையில் படத்துக்கு மாலை போட்டாயிற்று. வகுப்புக்கும் இருவரும் வருகிறார்கள், கனகு அண்ணையின் காரில்தான் மங்கை அக்கா இப்போதும் வெம்பிளிக்குப் போகிறார். ஒரேயொரு வித்தியாசம். முன்னெல்லாம் முன் சீற்றில் இருந்து கதைத்துக்கொண்டு போவார். இப்போது பின் சீற்றில் ஏறுகிறார்.

எனக்கு உறுத்தியது. இன்னும் கோபம் ஆறவில்லையோ, அல்லது வேறு ஏதும் இருக்கிறதோ என்று என் மனம் பழையபடி தோண்டத் தொடங்கியது. ஆனால் இந்தத் தரம் ஊகிக்காமல் கேட்டேன். கனகு அண்ணை கார் எடுக்கப் போன நேரம், மழை தூறிக்கொண்டிருந்தது.

"அக்கா, ஏன் நீங்கள் இப்ப முன்னுக்கு ஏறுறேல்லை?"

அவர் குடையை மடக்கிக்கொண்டே என்னை ஒரு மாதிரிப் பார்த்தார், இதுகூட விளங்காதவனா நரகம் படிப்பித்தது என்பதுபோல.

"அந்தச் சீற் ரூபன்ர, மாஸ்ரர். லண்டனுக்கு வாறதுக்கெண்டு வெளிக்கிட்ட பிள்ளை. அவனைக் கூட்டிக்கொண்டு ஓடட்டும்."

கார் வந்து நின்றது. கனகு அண்ணை இறங்கி வந்து பின்கதவைத் திறந்துவிட்டார். அக்கா ஏறினார். பிறகு கனகு அண்ணை மற்றப் பக்கம் போய், ஆளில்லாத முன் சீற்றின் பெல்ற்றை இழுத்து மாட்டிவிட்டு, காரை எடுத்தார்.